அறுகரிசி இட அழைக்கப்படாத தாய்

ஆசிரியர் அவர்களுக்கு,

கடந்த மாதம் கிளிநொச்சியில் நான் சென்றிருந்த திருமணமொன்றில், மணமகளைத் தனியொருத்தியாக வளர்த்தெடுத்த தாய், மகளுக்கு அறுகரிசி இட (அறுகம்புல்லும் அரிசியும் தூவி வாழ்த்த) முன்வராமல் பின்வரிசையிலேயே அமர்ந்திருந்தார். போரின் முடிவில், 2009 மே மாதம், முல்லைத்தீவு வட்டுவாகலில் இராணுவத்திடம் சரணடைந்த அவருடைய கணவர் இன்றுவரை திரும்பவில்லை. கழுத்தில் தாலியும் நெற்றியில் குங்குமமும் இருந்தும், ஆலாத்தி (ஆரத்தி) எடுக்கப் பெண்களைத் தேடியவர்கள் அவரைக் கடந்துதான் போனார்கள். அவரை அழைக்க வேண்டாமென்று எவரும் சொல்லவில்லை; சொல்லாமலே எல்லோருக்கும் தெரிந்திருந்தது என்பதே என்னை வாட்டுகிறது.

மரணச் சான்றிதழை ஏற்க மனமில்லாத குடும்பங்கள், ஆள் காணாமற்போயிருப்பதை உறுதிப்படுத்தும் சான்றிதழைப் பெறுவதற்கு 2016 ஆம் ஆண்டின் சட்டத்திருத்தம் வழிசெய்தது. அரசு உண்மையைச் சொல்லிவிட்டது என்று நான் கூறவில்லை. 2017 பெப்ரவரி 20 அன்று கிளிநொச்சியில் காணாமலாக்கப்பட்டோரின் தாய்மார் தொடங்கிய போராட்டமே அது சொல்லவில்லை என்பதற்குச் சாட்சி. ஆனால் இருப்புக்கும் இறப்புக்கும் நடுவே நிற்கும் ஒரு நிலையைச் சட்டமாவது ஒப்புக்கொண்டது. நமது சடங்குகளில் அந்த நிலைக்கு இடமே இல்லை. இந்தப் பெண்கள் பொட்டு வைத்தால் யாருக்காக என்று கேட்கிறோம். அழித்தால் அவன் வருவான் என்ற நம்பிக்கையை விட்டுவிட்டாளே என்கிறோம். தகப்பனுக்குப் பிதிர்க்கடன் கழிக்க ஆடி அமாவாசைக்குக் கீரிமலைக்குப் போவதா என்ற கேள்வி அவர்களுடைய ஆண்பிள்ளைகளை ஆண்டுதோறும் வதைக்கிறது; எள்ளும் தண்ணீரும் இறைத்தால் தகப்பன் இறந்துவிட்டார் என்று தாங்களே சொன்னதாகிவிடுமே என்று அஞ்சுகிறார்கள்.

ஷெல் வீச்சில் கணவனைக் கண்முன்னே பறிகொடுத்தவர்களை ஒதுக்குவதும் இதே அளவு அநீதிதான். உளவளத்துணையாளரிடம் ஒரு மணி நேரம் மனம்விட்டுப் பேசிவிட்டு வீதியில் இறங்கும் பெண்ணை, முழுவியளம் (எதிர்ப்படும் சகுனம்) சரியில்லை என்று எதிரில் வருபவர் விலகிப் போனால், அந்த ஆறுதல் வீடுவரைகூடத் தங்காது.

ஆகவே ஆலய பரிபாலன சபையினரிடமும் குருக்கள்மாரிடமும் பணிவாக ஒன்றை வேண்டுகிறேன். வருகின்ற முகூர்த்தங்களில் மணமக்களின் தாய்மாரை, அவர்களது கணவன்மார் இருந்தாலும் இல்லாவிட்டாலும், அறுகரிசி இட முதலில் பெயர் சொல்லி அழையுங்கள். அந்த அழைப்பு குருக்களின் வாயிலிருந்து வந்தால், சபையில் மறுத்துப் பேச எழுபவர் மிகச் சிலரே.

இளைப்பாறிய ஆசிரியை,
கிளிநொச்சி