77 வயதில் முளைத்த நடிகையா?

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

சென்ற இதழில் ஆஸ்கர் பெற்ற முதியவர்கள் பற்றிய கட்டுரை வாசித்தேன். ஆங்கில நாடக நடிகை பெகி ஆஷ்கிராஃப்டை "77 வயதில் திடீரென வெளிச்சத்துக்கு வந்த பாட்டி" என்கிறார் உங்கள் கட்டுரையாளர். என்ன கண்டுபிடிப்பு!

1930இல் லண்டன் சவோய் அரங்கில் கறுப்பின நடிகர் பால் ராப்சன் ஷேக்ஸ்பியரின் ஒதெல்லோவாக நடித்தபோது, ஒதெல்லோவின் மனைவி டெஸ்டிமோனா இவர்தான். வயது 22. கறுப்பினக் கலைஞரோடு வெள்ளைக்காரப் பெண் இப்படி நெருங்கி நடிப்பதா என்று ஊரே முகம் சுளித்த காலம் அது. ஐந்தாண்டு கழித்து பெரும் நடிகர்களான கில்குட்டும் ஒலிவியேவும் ரோமியோ வேடத்தை மாற்றி மாற்றிப் போட்டார்கள். ஜூலியட்டாக நின்ற இவரை மட்டும் யாரும் மாற்றவில்லை. 1962இல் லண்டனை ஒட்டிய கிராய்டனில் அவர் பெயரிலேயே ஓர் அரங்கம் திறந்தார்கள். அவருக்கு ஆஸ்கர் வாங்கித் தந்த 'எ பாசேஜ் டு இந்தியா' படம் வருவதற்கு 22 ஆண்டுகள் முன்பு! வெளிச்சத்துக்கு வராதவர் பெயரை எந்த ஊரில் கட்டடத்துக்கு வைப்பார்கள் என்று தெரிந்தால் சொல்லுங்கள்.

1964இல் படிப்புக்காக லண்டனில் இருந்தேன். ஆல்ட்விச் அரங்கில், ஷேக்ஸ்பியரின் ஆறாம் ஹென்றி, மூன்றாம் ரிச்சர்ட் நாடகங்களை மூன்றாகத் தொகுத்து நடத்தினார்கள். மேல்மாடத்தில் மலிவு டிக்கெட் எனக்கு. ஐம்பத்தாறு வயது ஆஷ்கிராஃப்ட் ஆறாம் ஹென்றியை மணக்கும் இளம் மார்கரெட்டாக வந்து, அரசியாகி, படை நடத்தி, கடைசியில் எல்லோரையும் சபித்துத் திரியும் கிழவியானார். அந்தக் குரல் இன்னும் என் காதில் இருக்கிறது. இதையெல்லாம் நீங்கள் அறியாதவரா? ஆனால் மேடையில் அரை நூற்றாண்டு உழைத்தாலும் கேமரா முன் நின்றால்தானே உங்கள் இதழில் பிறப்புச் சான்றிதழ்! நம் நாடகக்காரர்கள் மறைந்தாலும் ஒரு சினிமாவில் தலைகாட்டியிருந்தால்தான் நான்கு வரி. நாடகப் பக்கத்தை நிறுத்தி ராசிபலன் போட்டபோதே எழுதினேன், பதில் இல்லை. தேர்தல் நேரமாயிருக்கும், போகட்டும்.

இன்னொன்று. அந்த ஆஸ்கர் படம் வட இந்தியாவில் எடுக்கப்பட்டதாம், உங்கள் கட்டுரை சொல்கிறது. படத்தில் குகைக்குப் போகும் அந்த ரயில் எங்கள் நீலகிரி மலை ரயில், ஐயா. குன்னூர்க்காரர்களைக் கேட்டிருந்தால் சொல்லியிருப்போம்.

அடுத்த இதழில் ஒரு திருத்தம் வெளியிடுங்கள். ராசிபலனுக்குக் கீழே இரண்டு வரி இடம் இருந்தால் போதும். கடிதத்தை வழக்கம்போல் வெட்டுவதானால், கிராய்டன் அரங்கத்தை மட்டும் விட்டுவையுங்கள்.

இப்படிக்கு,
பழைய சந்தாதாரர் ஒருத்தி,
குன்னூர்.