அளவுக்கல் நடுவதற்கு முன் ஊரைக் கேளுங்கள்

கொங்கு மண்டலத்தில் நெடுஞ்சாலைக்கு நிலம் எடுக்கும் அலுவலர்களுக்கும், சாலைக்குத் தடம் வரையும் பொறியாளர்களுக்கும் வணக்கம்.

சாலை வேண்டாம் என்று மறிப்பதற்காக இந்த மடலை எழுதவில்லை. திருப்பூர் பனியனும் ஈரோட்டு மஞ்சளும் சாலையில்தான் போகின்றன. சேலத்திலிருந்து பெருந்துறை, அவிநாசி வழியாகக் கொச்சிக்குப் போகும் 544ஆம் எண் சாலையால் எங்கள் பகுதி பிழைத்திருக்கிறது. நாங்கள் கேட்பது ஒன்றுதான். வரைபடத்தில் கோடு போடும்போதே, அந்தக் கோட்டில் எந்தச் சாமி இருக்கிறது என்று ஊருக்குள் வந்து கேளுங்கள்.

கோபுரம் உள்ள கோயில் உங்கள் கண்ணில் பட்டுவிடும். பண்ணாரி மாரியம்மனைத் தெரியாமல் சத்தியமங்கலம் சாலையில் யாரும் அளவெடுக்க முடியாது. எங்கள் கவலை கோபுரம் இல்லாத சாமிகளைப் பற்றியது. ஊஞ்ச மரத்தடியில் கருப்பராயன். நட்டுவைத்த நாலு வேல். எதிரே காது உடைந்த மண் குதிரைகள் வரிசையாக. சற்றுத் தள்ளி ஏழு கற்களாகக் கன்னிமார். சுவரும் இல்லை, கூரையும் இல்லை. மேலிருந்து படம் எடுத்தால் ஒரு மரம் தெரியும், அவ்வளவுதான். கட்டடமாக இருந்தால் சதுர அடிக்கு விலை போடலாம். இதை எந்தக் கட்டத்தில் எழுதுவீர்கள்?

1956ஆம் ஆண்டுத் தேசிய நெடுஞ்சாலைகள் சட்டப்படி, நிலம் எடுக்கப் போவதாகச் சொல்லும் 3ஏ அறிவிப்பு அரசிதழில் வந்த 21 நாட்களுக்குள் ஆட்சேபம் தெரிவித்தாக வேண்டும். அதன் சாரம் உள்ளூர் நாளிதழ் இரண்டில் வரும். அதில் சர்வே எண்ணும் நிலத்தின் வகையும் பரப்பும் இருக்கும்; கருப்பராயன் பெயர் இருக்காது. குலதெய்வக் கோயில் ஓர் ஊரில் இருக்கும், அதைக் கும்பிடும் குடிபாட்டு மக்களோ திருப்பூரிலும் கோவையிலும் பெங்களூரிலும் சிதறிக் கிடப்பார்கள். பிள்ளைக்கு மொட்டை அடிக்கவும் காது குத்தவும், கல்யாணப் பத்திரிகையை முதலில் வைக்கவும் இங்கேதான் வருகிறார்கள். அந்த மூன்று வாரத்தில் சர்வே எண்ணைப் பார்த்து, இது நம் சாமி இருக்கும் இடம் என்று அவர்களில் எத்தனை பேருக்குப் புரியும்? நிலத்தை எடுத்தாயிற்று என்று சொல்லும் 3டி அறிவிப்பு வந்துவிட்டால் நிலம் மத்திய அரசுடையது. அதன் பிறகு பேசுவதற்குத் தொகை மட்டும்தான் மிச்சம்.

அந்தத் தொகையும் சாமிக்கு வருவதில்லை. 2013ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டத்தின் இழப்பீட்டு விதிகள் 2015 ஜனவரி 1 முதல் தேசிய நெடுஞ்சாலைகளுக்கும் பொருந்துகின்றன. இழப்பீட்டுக்கு மேல் 100 சதவீத ஆறுதல் தொகையும் உண்டு. நல்லதுதான். ஆனால் சாமி இருக்கும் மேடை புறம்போக்கில் இருந்தால் நிலத்தின் பேரில் எதுவும் கிடைக்காது. பக்கத்துத் தோட்டத்துக்காரர் பட்டாவில் இருந்தால் பணம் அவர் கணக்குக்குப் போகும். அதே சட்டம் சொல்லும் சமூகத் தாக்க ஆய்வோ தேசிய நெடுஞ்சாலை நில எடுப்புக்குக் கட்டாயமில்லை. அந்த ஆய்வு நடந்தால், இங்கே யார் கும்பிடுகிறார்கள் என்ற கேள்வியாவது எழும்.

கொல்லம் மாவட்டம் உமயநல்லூரிலிருந்து வந்த வழக்கில், 2021 ஜூலையில் கேரள உயர் நீதிமன்றம் சொன்னதைப் பலர் எங்களிடம் எடுத்துக்காட்டுகிறார்கள். வழிபாட்டிடங்களுக்காகத் தேசிய நெடுஞ்சாலை 66இன் தடத்தை மாற்ற வேண்டியதில்லை, கடவுள் மன்னிப்பார் என்றது அந்தத் தீர்ப்பு. சாமி மன்னிக்கும் என்று நானும் நம்புகிறேன். ஆனால் சாமியை இடம் மாற்ற ஒரு முறை இருக்கிறது.

முதலில் பூக்கேட்க வேண்டும். வெள்ளைப் பூவையும் சிவப்புப் பூவையும் தனித்தனிப் பொட்டலமாக மடித்துச் சாமி முன் போடுவார்கள். விவரம் அறியாத குழந்தை ஒன்றை எடுத்துத் தரும். நினைத்த பூ வந்தால் உத்தரவு கிடைத்தது என்று பொருள். வராவிட்டால் இன்னொரு நாள் கேட்க வேண்டும். கட்டிய கோயில் என்றால் சாமியைத் தற்காலிகமாக வேறிடத்தில் வைக்கும் பாலாலயம் செய்து, பிறகு புது இடத்தில் கும்பாபிஷேகம். ஆடியிலும் மார்கழியிலும் செய்யமாட்டார்கள். பூச்சாட்டித் திருவிழா நடக்கும்போது கை வைக்க முடியாது. பொக்லைன் வாசலில் நிற்கும்போது இதையெல்லாம் எப்படிச் செய்வது?

பொது இடத்தில் அனுமதியின்றி வழிபாட்டிடம் கட்டக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2009இல் உத்தரவிட்டது. அதன் பிறகும் இடம் பிடிக்கவென்றே சாலையோரத்தில் எழுப்பியவற்றுக்கு நான் பரிந்து பேசமாட்டேன். அவற்றையும் பாட்டன் காலத்து மேடையையும் ஒரே ஆக்கிரமிப்புக் கணக்கில் சேர்ப்பதுதான் அநியாயம். தர்காவானாலும் மாதா கெபியானாலும் இதே நியாயம்தான்.

ஆகவே, தடம் முடிவாகும் முன்பே ஒவ்வொரு ஊரிலும் வழிபாட்டிடங்களை ஊராரோடு நடந்து பார்த்துப் பட்டியல் எடுங்கள். சற்று விலகிப் போக முடிகிற இடத்தில் விலகுங்கள். முடியாத இடத்தில், பட்டா யார் பெயரில் இருந்தாலும், சாமிக்கு மாற்று இடமும், எடுத்து வைக்கும் செலவும், ஒரு நல்ல நாள் பார்க்கும் அளவுக்கு அவகாசமும் எழுத்தில் கொடுங்கள். வரைபடத்தோடு வாருங்கள், குடிபாட்டு மக்களை வரவழைப்பது எங்கள் பொறுப்பு.

இப்படிக்கு,
அவிநாசிப் பக்கத்துக் குடிபாட்டுக்காரன் ஒருவன்