கீறல் முட்டை இனி இல்லை: வாடிக்கையாளர்களுக்கு ஒரு மடல்

வணக்கம்.

கீறல் விழுந்த முட்டைகளைப் பாதி விலைக்குக் கொடுத்துக்கொண்டிருந்தோம். இந்த மாதத்திலிருந்து நிறுத்திவிட்டோம். சிலருக்கு எங்கள்மேல் வருத்தம். பத்து வருடமாக வாங்குகிற ஓர் அக்கா, "உடைத்து ஊற்றப் போகிற முட்டைதானே, கீறல் இருந்தால் என்ன?" என்று கேட்டார். கல்லாவில் கூட்டம். நின்று பதில் சொல்ல முடியவில்லை. அதற்குத்தான் இந்த மடல்.

கோழியின் குடலில் சால்மோனெல்லா என்ற கிருமி இருக்கலாம். கோழி பார்க்க நன்றாகவே இருக்கும். அதன் எச்சம் முட்டை ஓட்டில் ஒட்டும். ஓட்டில் கண்ணுக்குத் தெரியாத ஆயிரக்கணக்கான துளைகள் உண்டு. அவற்றை மூடியபடி இயற்கையாகவே மெல்லிய பூச்சு ஒன்று இருக்கிறது. கீறல் விழுந்தால் பூச்சும் போச்சு, ஓடும் போச்சு. நாமக்கல்லில் ஏற்றிய முட்டை லாரி, குடோன், கடை என்று வெக்கையில் வந்து சேர்வதற்குள் உள்ளே போன கிருமி பெருகிவிடும். வாங்கியவுடன் ஆம்லெட் போடுவீர்களா, இரண்டு நாள் வைத்திருப்பீர்களா என்பது எங்களுக்குத் தெரியாதே.

"அப்படியானால் முட்டையைக் கழுவித் தரலாமே?" கழுவினால் போவது அதே பூச்சுதான். வீட்டிலும் கழுவி அடுக்காதீர்கள். எச்சம் ஒட்டியிருந்தால் காய்ந்த துணியால் துடைத்துவிட்டு, கையை சோப்புப் போட்டுக் கழுவுங்கள். ஃபிரிட்ஜில் வைத்ததை வெளியே எடுத்துப் போட்டு மறுபடி உள்ளே வைக்க வேண்டாம், ஓடு வியர்த்துவிடும்.

இன்னொன்று. சில நேரம் ஓடு உருவாகும் முன்பே, கோழியின் சினைப்பையிலேயே கிருமி முட்டைக்குள் போய்விடுவதுண்டு. லைட்டில் பிடித்துப் பார்த்தாலும் அது தெரியாது. மஞ்சள் கரு கெட்டியாகும்வரை வேகவைப்பது ஒன்றுதான் வழி. நம்ம ஊரில் கலக்கி இல்லாமல் பரோட்டா இறங்காது, நானும் சாப்பிடுகிறவன்தான். ஆனால் குழந்தைகள், கர்ப்பிணிகள், வயதானவர்களுக்குக் கலக்கியும் ஆஃப்பாயிலும் வேண்டாம். வயதுக்கு வந்த பெண்ணுக்கு நல்லெண்ணெயோடு பச்சையாகக் கொடுக்க வேண்டும் என்று நாட்டுக்கோழி முட்டை கேட்டு வருகிறார்கள். நாட்டுக்கோழிக்கு இந்தக் கிருமி வராது என்றில்லை. அவித்தே கொடுங்கள்; அவித்த முட்டையின் புரதம்தான் உடம்பில் நன்றாகச் சேரும். பச்சை முட்டையில் செய்யும் மயோனைசுக்கு 2025 ஏப்ரல் 8 முதல் தமிழக அரசு ஓராண்டுத் தடை போட்டதும் இப்படிப்பட்ட பயத்தால்தான்.

கோழிக்கறிக்கு வருவோம். கழுவாதீர்கள் என்றால் அடிக்க வருவீர்கள். ஆனாலும் குழாயடியில் கறியைப் பிடித்தால், தெறிக்கிற தண்ணீர் பக்கத்தில் நறுக்கி வைத்த தக்காளியிலும் கவிழ்த்து வைத்த டம்ளரிலும் விழும். மஞ்சள் தூளை நம்பாதீர்கள். மனசு ஒப்பவில்லையா, சரி, பாத்திரத்தில் தண்ணீர் பிடித்து மெதுவாக அலசுங்கள். அப்புறம் தொட்டியைத் தேய்த்துக் கழுவுங்கள். கறி வெட்டிய பலகையில் அப்படியே வெங்காயம் வெட்டக்கூடாது. மசாலா தடவிய கறியை மூடி ஃபிரிட்ஜின் அடித்தட்டில் வையுங்கள். கொதிக்கிற குழம்பில் பிரச்சினை குறைவு. லெக் பீஸ் பொரிக்கும்போதுதான் வெளியே சிவந்து, எலும்பை ஒட்டிய இடம் வேகாமல் நிற்கும். உள்ளே 74 டிகிரி செல்சியஸ் சூடு ஏறவேண்டும்.

மீறி யாருக்காவது காய்ச்சலோடு வயிற்றுப்போக்கு வந்தால் ஓ.ஆர்.எஸ். கொடுங்கள். மலத்தில் ரத்தம் தெரிந்தாலோ, சின்னக் குழந்தை சோர்ந்து படுத்தாலோ உடனே டாக்டரிடம் போங்கள். மருந்துக்கடையில் நீங்களாக ஆன்டிபயாடிக் வாங்க வேண்டாம்.

கறியை இனி இரட்டைக் கவரில் தருகிறோம். காய்கறிப் பைக்குள் திணிக்காதீர்கள். வீட்டில் பிரிக்கும்போது அட்டையில் கீறல் முட்டை தென்பட்டால் அன்றைக்கே கொண்டுவாருங்கள். பில் கேட்க மாட்டோம், மாற்றித் தருகிறோம்.

இப்படிக்கு,
உங்கள் முட்டைக் கடைக்காரர்