ஆமைக்கும் மீன்சந்தைக்கும் ஒரே நாளில் ஆள் கூட்டிப் போகிறவர்களுக்கு ஒரு திறந்த மடல்

சென்னையில், இரவில் கடற்கரையோரம் நடந்து ஆமைக் கூடுகளைத் தேடும் ஆமை நடையையும் காசிமேட்டு மீன்பிடித் துறைமுகத்து ஏலத்தையும் இணைத்துப் பயணம் நடத்தும் சுற்றுலா அமைப்பாளர்களுக்கும், பள்ளி, கல்லூரிச் சூழல் மன்றப் பொறுப்பாளர்களுக்கும்,

வணக்கம்.

இரண்டையும் சேர்த்துக் காட்டுவது நல்ல யோசனை. ஜனவரி, பிப்ரவரியில் சென்னைக் கரையில் செத்து ஒதுங்கும் பங்குனி ஆமைகளில் பெரும்பாலானவை வலையில் சிக்கி மூச்சுமுட்டிச் செத்தவை என்பதுதான் ஆய்வாளர்களின் கணிப்பு. அதே மாதிரி வலைகளில் வந்த இறாலும் சங்கராவும்தான் காசிமேட்டில் ஏலம் போகின்றன. ஆமையை மட்டும் காட்டினால் பாதிக் கதை. சந்தையை மட்டும் காட்டினால் வெறும் வேடிக்கை. எங்கள் குறையெல்லாம் உங்கள் நேர அட்டவணை மீதுதான்.

காலை எட்டுக்குப் பொரிப்பகம் (எடுத்துவந்த ஆமை முட்டைகளை வேலிக்குள் புதைத்துக் காக்கும் இடம்), ஒன்பதுக்குக் குஞ்சு விடுதல், பதினொன்றுக்கு மீன்சந்தை, மாலையில் கடற்கரை. வழக்கமாகக் கையில் வரும் துண்டறிக்கை இப்படித்தான் இருக்கிறது. இந்த நாலு வரியில் ஒன்றுகூட ஆமையின் நேரத்தையோ மீனவர் நேரத்தையோ கேட்டு எழுதியதல்ல. ஒன்பது மணி மணலில் குஞ்சு துவண்டுபோகும், காக்கைக்கும் பருந்துக்கும் எளிதாகக் கண்ணில் படும். பதினொரு மணிக்குக் காசிமேட்டில் ஏலம் முடிந்து வெகுநேரம் ஆகியிருக்கும். வேன் வாடகைக்கும் மதியச் சாப்பாட்டுக்கும் ஏற்றபடி போட்ட அட்டவணை அது.

முதலில் நாள்காட்டியைப் பாருங்கள். இந்தக் கரையில் பங்குனி ஆமை முட்டையிடுவது பெரும்பாலும் ஜனவரி முதல் மார்ச் வரை. முட்டை பொரிய 45 முதல் 60 நாள் ஆகும். ஆக, குஞ்சுகளை அதிகம் பார்க்கக் கிடைப்பது மார்ச் பிற்பாதியிலும் ஏப்ரலிலும். ஆனால் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் கிழக்குக் கரையில் மீன்பிடித் தடைக்காலம். விசைப்படகுகள் கட்டியே கிடக்கும், ஃபைபர் படகுகள் கொண்டுவருவது மட்டும்தான் சந்தைக்கு வரும். முட்டையிடும் ஆமையும் முழுச் சந்தையும் வேண்டுமென்றால் பிப்ரவரி. குஞ்சும் சந்தையும் வேண்டுமென்றால் மார்ச் மூன்றாம் வாரத்திலிருந்து ஏப்ரல் 14 வரை, ஏறத்தாழ நாலு வாரம்தான். மே மாதக் கோடை விடுமுறைக்கு இந்தப் பயணத்தை விற்பவர்கள் இரண்டும் அநேகமாக இல்லாத ஒன்றை விற்கிறார்கள்.

அடுத்தது கிழமை. மாணவர்கள் 1988 முதல் நடத்திவரும் ஆமை நடை, பருவத்தில் வெள்ளி, சனி இரவுகளில் பொதுமக்களையும் சேர்த்துக்கொள்கிறது. நீலாங்கரையில் தொடங்கிப் பெசன்ட் நகர் வரை ஏறத்தாழ ஏழு கிலோமீட்டர் மணலில் நடை. இரவு பதினொன்றுக்குமேல் கிளம்பினால் முடிய அதிகாலை மூன்றரை, நாலு ஆகிவிடும். சனி இரவு நடந்தால் மறுநாள் ஞாயிறு. காசிமேட்டில் ஊரே திரண்டு நிற்கும், கால்வைக்க இடமிருக்காது. வெள்ளி இரவைத் தேர்ந்தெடுங்கள். சனிக்கிழமை கவிச்சி தொடாத வீடுகள் நிறைய உண்டு. சில்லறைக் கூட்டம் குறைந்து, ஏலத்தை ஓரமாக நின்று பார்க்க வழி கிடைக்கும். பெசன்ட் நகரில் ஒரு டீ குடித்துவிட்டுக் கிளம்பினால் அந்த நேரத்துச் சாலையில் ஐந்து மணிக்குள் துறைமுகம் போய்விடலாம். ஏழு மணிக்கு வெளியே வந்துவிடுங்கள். இதை 'ஒருநாள் பயணம்' என்று சொல்வதைவிட 'ஓர் இரவுப் பயணம்' என்று அச்சடித்தால் வருகிறவர்களும் அதற்கேற்ற மனநிலையோடு வருவார்கள். பத்து வயதுக்குக் கீழுள்ள பிள்ளைகளை இந்த நடைக்குக் கூட்டிவர வேண்டாம் என்பது எங்கள் கருத்து. பாதி வழியில் தூங்கிவிழும் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு மணலில் நடக்க எந்த ஆசிரியராலும் முடியாது. அவர்களுக்கு மார்ச் கடைசியில் ஒரு மாலைப் பயணம் தனியாக வையுங்கள்.

நடை கெட்டுப்போவது பெரும்பாலும் வெளிச்சத்தால்தான். கரையேறும் ஆமை மிகவும் மிரளும். செல்போன் திரை ஒளியோ, ஆள் நடமாட்டமோ, சிரிப்புச் சத்தமோ பட்டால் முட்டையிடாமலே திரும்பிக் கடலுக்குள் போய்விடும். மணலில் போன தடமும் வந்த தடமும் இருக்கும், நடுவில் கூடு இருக்காது. குழி தோண்டி முட்டை விழத் தொடங்கிய பிறகு அது அவ்வளவாக அசையாது. அப்போதும் பின்பக்கமாகத்தான் நெருங்க வேண்டும், முகத்துக்கு நேரே யாரும் நிற்கக் கூடாது. சிவப்புத் தாள் ஒட்டிய ஒரே ஒரு டார்ச் வழிநடத்துகிறவர் கையில் இருந்தால் போதும். இருபது பேருக்குமேல் ஒரு குழுவில் வேண்டாம். ஏழு கிலோமீட்டர் நடந்தும் ஓர் ஆமைகூடக் கண்ணில் படாத இரவுகள்தான் அதிகம் என்பதை முன்பணம் வாங்கும்போதே சொல்லிவிடுங்கள். 'ஆமை உறுதி' என்று விளம்பரம் செய்கிறவர்களால்தான் பொரிப்பகத்தின்மீது நெருக்கடி வருகிறது.

பொரிப்பகத்தில் என்ன நடக்கிறது என்று தெரிந்தால் அந்த நெருக்கடி எவ்வளவு தப்பு என்பது புரியும். பங்குனி ஆமை ஒரு முறைக்கு நூறு, நூற்றிருபது முட்டை இடும். குழி ஒன்றரை அடி ஆழம், கழுத்து குறுகி அடிப்பகுதி அகன்ற பானை வடிவம். தடத்தைப் பின்தொடர்ந்து போகிறவர் கையிலுள்ள கோலை மெல்ல மணலில் இறக்கிப் பார்ப்பார். சுற்றிலும் கெட்டியாக எதிர்க்கும் மணல், கூட்டின் கழுத்துக்கு மேலே மட்டும் சட்டென்று தளர்ந்து கோலை உள்ளே இழுக்கும். அழுத்தம் கொஞ்சம் கூடினால் மேலிருக்கும் முட்டை உடையும். புதிதாக வந்தவரிடம் யாரும் கோலைக் கொடுப்பதில்லை. பிறகு கையாலேயே தோண்டி, எண்ணி, கூட்டு மணலோடு சேர்த்துத் துணிப்பையில் வைப்பார்கள். முட்டையிட்ட சில மணி நேரத்தில் கரு ஓட்டின் உட்புறம் ஒட்டத் தொடங்கிவிடும். அதன்பின் முட்டையைப் புரட்டினாலோ குலுக்கினாலோ கரு சாகும். அதனால்தான் இரவோடு இரவாக மாற்றுகிறார்கள். 'காலையில் குழு வரும், அதுவரை எடுக்காமல் வையுங்கள், அவர்கள் கையால் புதைக்கட்டும்' என்ற கோரிக்கை அந்தக் கூட்டையே கொல்லும்.

வேலிக்குள் அதே ஒன்றரை அடி ஆழத்தில் அதே வடிவக் குழி. ஈரமணல் முதலில், காய்ந்த மணல் மேலே. கூட்டுக்குக் கூடு ஒரு மீட்டராவது இடைவெளி வேண்டும். தேதியும் முட்டை எண்ணிக்கையும் எழுதிய அட்டை ஒவ்வொன்றின் மேலும் நிற்கும். மணலின் சூடுதான் குஞ்சு ஆணா பெண்ணா என்பதை முடிவு செய்கிறது. சுமார் 29, 30 டிகிரிக்குக் கீழே ஆண் அதிகம், மேலே பெண் அதிகம். 34, 35-ஐத் தாண்டி நீடித்தால் கருவே பிழைக்காது. மார்ச் வெயிலில் நிழல்வலை கட்டுவது இதற்காகத்தான். வேலியைச் சுற்றி நாற்பது பேர் நின்று மணலை மிதித்தால் கூட்டின் மேல்மணல் இறுகிவிடும். பொரித்த குஞ்சு மேலே வர முடியாமல் உள்ளேயே மடியும். பிடிசோறும் பிஸ்கட்டும் சிந்தினால் எறும்பு வரும். எறும்பு ஏறிய கூட்டைக் காப்பாற்றுவது பெரும்பாடு.

குஞ்சு விடுதல் பற்றி எங்களுக்குக் கொஞ்சம் கோபமே உண்டு. பொரித்த குஞ்சுகள் இரண்டு, மூன்று நாள் கூட்டுக்குள்ளேயே இருந்து, மணல் குளிர்ந்த இரவில் கூட்டமாக மேலே வரும். வயிற்றில் மிச்சமிருக்கும் மஞ்சள் கருதான் முதல் ஒருநாள் இடைவிடாமல் நீந்தி ஆழ்கடல் போய்ச்சேர அவற்றுக்குள்ள எரிபொருள். உங்கள் பேருந்துக்காக அவற்றை டப்பில் போட்டுக் காத்திருக்க வைத்தால் அந்த எரிபொருள் டப்பின் சுவரில் முட்டி முட்டியே தீர்ந்துபோகும். மேலே வந்த குஞ்சு அன்றிரவே போக வேண்டும். நீங்கள் வந்து சேரும் நேரத்தில் ஒன்றுமே இல்லாமலும் இருக்கலாம்.

அப்படி ஒரு கூடு பொரிக்கும் வேளையில் உங்கள் குழு அங்கே இருக்க நேர்ந்தால், செய்ய வேண்டியவை கொஞ்சம்தான். குஞ்சு நடக்கப்போகும் வழியில் கால்தடங்களைப் பலகையாலோ கையாலோ நிரவிவிடுங்கள். ஆழமான ஒரு காலடி அந்தக் குஞ்சுக்குக் கிணறு மாதிரி. எல்லோரும் வழிக்குப் பின்னால், கரைப்பக்கமாக நிற்க வேண்டும்; முன்னால் நின்றவர் இருட்டில் மிதித்த குஞ்சுகள் உண்டு. ஈரமணலுக்குச் சில மீட்டர் முன்பே விட்டு அதுவாக நடக்க விட வேண்டும், அலையில் தூக்கிப் போடக் கூடாது. தினமும் ஒரே இடத்தில் விட்டால் மீன்கள் அங்கே வந்து காத்திருக்கப் பழகிவிடும் என்பதால் இடத்தை மாற்றிக்கொண்டே இருப்பார்கள். 'நேற்று விட்ட இடத்தில் மேடை போட்டிருக்கிறோம்' என்று வாதாடாதீர்கள். பிளாஷ் கூடாது. சாலை விளக்கு பக்கம் திரும்பும் குஞ்சைக் கடல் பக்கம் திருப்பிவிடும் வேலை தன்னார்வலருடையது. உங்கள் ஆட்கள் கையில் எடுக்க வேண்டாம்.

இனி சந்தை. காசிமேடு காட்சிக்கூடம் இல்லை. அந்த இரண்டு மணி நேரத்தில்தான் ஒரு நாளின் பணம் கைமாறுகிறது. கூடையிலும் தரையிலும் கொட்டிய மீனைச் சுற்றி ஏலக்காரர் விலை கூவ, வளையமாக நிற்பவர்களில் பலர் தெருவில் விற்கும் பெண்கள். இரண்டு, மூன்று பேராகச் சேர்ந்து ஒரு கூடையை எடுத்து, அங்கேயே கூறு போட்டுப் பிரித்துக்கொண்டு, அன்னக்கூடையில் ஐஸ் அள்ளிப் போட்டுக் கிளம்புவார்கள். ஓர் ஏலம் முடிய ஒன்றிரண்டு நிமிஷம் போதும். அந்த வளையத்துக்குள் கேமராவோடு நுழைகிறவர் ஒருவரின் அன்றைய பேரத்தைக் கெடுக்கிறார். குழுவை நாலைந்து பேராகப் பிரித்து அனுப்புங்கள். படம் எடுக்குமுன் கேளுங்கள். வேண்டாம் என்றால் வேண்டாம்தான். தரையில் ஐஸ் தண்ணீரும் செதிலும் ஓடும், பிடிப்பில்லாத செருப்பு வழுக்கும். பின்னாலிருந்து 'வழி, வழி' என்று குரல் வந்தால் திரும்பிப் பார்க்காமல் முதலில் ஒதுங்குங்கள், தலைச்சுமைக்காரரால் நிற்க முடியாது. மூக்கைப் பொத்திக்கொள்வதைவிடப் பேருந்திலேயே இருந்துவிடுவது மரியாதை. வாங்க விரும்புகிறவர்கள் ஏலம் தணிந்தபிறகு சில்லறைக் கூறு வாங்கட்டும். செவுள் சிவப்பாகவும் கண் பிதுங்கியும் இருக்கிறதா என்று பார்க்கக் கற்றுக்கொடுங்கள், வெட்டித் தருகிறவருக்குத் தனிக்கூலி உண்டு என்பதையும் சொல்லிவையுங்கள்.

பிறகு கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: இது எந்த வலையில் வந்தது? தூண்டிலில் வந்த வஞ்சிரத்துக்கும் இழுவலையில் வந்த இறாலுக்கும் ஆமை கொடுக்கும் விலை வேறு. இழுவலையைக் கடலடியில் மணிக்கணக்கில் இழுப்பார்கள். மூச்சு வாங்க மேலே வர வேண்டிய ஆமை அதற்குள் மூழ்கிச் சாகும். திருக்கை வலையும் ஆமையைச் சிக்கவைக்கும் வலைதான். ஆமை தப்பும் கருவி என்று ஒன்று உண்டு: கொச்சியிலுள்ள மத்திய மீன்பிடித் தொழில்நுட்ப நிறுவனம் வடிவமைத்தது ஏறத்தாழ ஒரு மீட்டருக்கு 80 செ.மீ நீள்வட்டச் சட்டம், சுமார் 14 செ.மீ இடைவெளியில் கம்பிகள், வலையின் கழுத்தில் சாய்வாகப் பொருத்துவது. இறால் கம்பிகளுக்கு இடையே நுழைந்து, வலையின் கடைசிப் பை போன்ற மடிக்குள் போகும். ஆமை முட்டி, திறப்பு வழியே வெளியேறும். அதே திறப்பில் பெரிய மீனும் போய்விடுகிறது என்பது மீனவர் சொல்லும் குறை. அதைப் பயணிகள் அவர்கள் வாயாலேயே கேட்க வேண்டும். இந்தக் கருவி இல்லை என்பதற்காக 2019-இல் இந்தியக் கடல் இறாலை வாங்குவதை அமெரிக்கா நிறுத்தியது என்பதையும், விசைப்படகு கரையிலிருந்து ஐந்து கடல் மைலுக்குள் மீன்பிடிக்கக் கூடாது என்ற விதியையும் சேர்த்துச் சொல்லுங்கள். 2025 ஜனவரியில் சென்னைக் கரைகளில் நூற்றுக்கணக்கில் ஆமைகள் செத்து ஒதுங்கியபோது பேச்சு முழுக்க இந்த ஐந்து மைலைச் சுற்றித்தான் இருந்தது. ஆனால் துறைமுகத்தில் நின்றுகொண்டு விரல் நீட்டாதீர்கள். வலையில் ஆமை வந்தால் மீனவருக்கும் நஷ்டம்தான். வலை கிழியும், இழுத்த நேரம் வீண்.

அவர்களிடம் கொண்டுபோய்ச் சேர்க்கத் தகுந்த ஒரு செய்தி உண்டு. வலையில் அசைவற்று வரும் ஆமை எல்லாம் செத்ததல்ல. மல்லாக்கப் போடாமல் வயிறு கீழிருக்கும்படி கிடத்தி, பின்பகுதியை அரை அடியாவது உயர்த்தி வைத்தால் நுரையீரல் நீர் வடியும். நிழலில், ஈரத்துணி போர்த்தி, தேவைப்பட்டால் ஒருநாள் வரைகூட வைத்துப் பார்க்கலாம். அசைவு வந்தபின் இன்ஜினை ஓடவிடாமல் பின்பக்கமாக இறக்கிவிட வேண்டும். கரையில் ஆமைப் பிணம் கண்டால் இழுத்துப் போடாமல் இடத்தையும் நேரத்தையும் குறித்து வனத்துறைக்குச் சொல்லுங்கள். பிணத்தின் எண்ணிக்கையும் இடமும்தான் அடுத்த ரோந்து எங்கே என்பதைத் தீர்மானிக்கின்றன.

கடைசியாக, அடுத்த பருவத்துத் துண்டறிக்கை அச்சுக்குப் போகுமுன் 'ஆமைக்குஞ்சைக் கையில் ஏந்திப் படம் எடுத்துக்கொள்ளலாம்' என்ற வரி எங்காவது இருந்தால் எடுத்துவிடுங்கள். பங்குனி ஆமை 1972 வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தில் மிக உயர்ந்த பாதுகாப்புத் தரும் முதல் அட்டவணையில் இருக்கிறது. மாட்டிக்கொள்வது படம் எடுத்த பிள்ளையின் பெற்றோரும் கூட்டிவந்த நீங்களும்தான்.

இப்படிக்கு,
ஆமைப் பொரிப்பகத்திலும் மீன்பிடித் துறைமுகத்திலும் பணிபுரிவோர்