எந்த சில்வா? – கண்டியின் கட்டடக் கோப்புகளுக்குப் பொறுப்பானவர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரிய ஐயா, அம்மணி,

வணக்கம். விஷயம் உங்களுக்குத் தெரிந்ததுதான். ஏழு மாதத்தில் நான்கு கடிதம் கொடுத்திருக்கிறேன், நான்கிலும் உங்கள் அலுவலக முத்திரை விழுந்திருக்கிறது. நான் கேட்டது வட்டபுளுவ வீட்டுத்திட்டத்தில் இருக்கும் எங்கள் வீட்டின் மூல வரைபடத்தில் ஒரு பிரதி. மழைப்பக்கத்து ஜன்னல்கள் இரண்டு உளுத்துப்போய்விட்டன. பழையபடியே செய்து போட வேண்டும், அதற்கு அளவு வேண்டும்.

முதல் நாள் கருமபீடத்தில் இருந்தவர் கேட்டார்: "வரைந்தது யார்?"

"மினெட் டி சில்வா."

"எந்த சில்வா?"

நான் சிரித்துவிட்டேன். அவர் சிரிக்கவில்லை. கண்டியில் சில்வா என்று ஆயிரம் பேர், அவர் கேட்டதில் தப்பில்லை என்று என்னையே சமாதானப்படுத்திக்கொண்டு வந்தேன். அடுத்த முறை வேறொருவர் இருந்தார். வீட்டுக்கு என்ன வயது என்று கேட்டுவிட்டு, "அப்படியென்றால் உடைத்துவிட்டு சிலாப் அடியுங்கள் ஐயா, அனுமதி லேசாகக் கிடைக்கும்" என்று நல்ல மனதோடுதான் சொன்னார். மூன்றாம் முறை போனபோது பழைய கோப்புகள் இருக்கும் அறையின் சாவி வைத்திருப்பவர் லீவு. நான்காம் முறை சாவி இருந்தது. கோப்பு இல்லை.

இதையெல்லாம் பொறுத்துக்கொண்டு பேசாமல் இருந்திருப்பேன். போன மாதம் பக்கத்து வீட்டுக்குப் பெக்கோ இயந்திரம் வந்தது. காலை எட்டு மணிக்கு வந்தது, நாலு மணிக்குள் வீடு தரைமட்டம். ஓடுகளைக்கூடக் கழற்றவில்லை. சிவப்புச் சீமெந்துத் தரை துண்டு துண்டாக லொறியில் ஏறியதை எங்கள் சமையலறையிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன். சாரதியிடம் போய்க் கேட்டால், அனுமதி வாங்கி ஒரு மாதம்கூட ஆகவில்லை என்றார். இடிக்கக் கேட்டவருக்கு ஒரு மாதத்துக்குள் தாள் கிடைக்கிறது. வைத்திருக்கக் கேட்டவனுக்கு ஏழு மாதமாகச் சாவி கிடைக்கவில்லை. விற்றவர்களைக் குறை சொல்ல மாட்டேன். பிள்ளைகள் எல்லாம் வெளிநாட்டில், வீட்டைப் பார்க்க ஆளில்லை. காணி அவர்களுடையது, இடிக்க அவர்களுக்கு உரிமை இருக்கிறது.

ஆகவே கோரிக்கையை இப்போது மாற்றிக் கேட்கிறேன். மினெட் டி சில்வாவின் எந்தக் கட்டடத்துக்கும் இடிப்பு அனுமதி கொடுக்கும் முன், அதை ஒருமுறை அளந்து, வரைந்து, படம் எடுத்து வையுங்கள். இடிப்பதைத் தடுக்கச் சொல்லவில்லை. அளக்கச் சொல்கிறேன்.

"எந்த சில்வா" என்று கேட்ட அந்தத் தம்பிக்கு இப்போதாவது பதில் சொல்லிவிடுகிறேன். 1918இல் இந்தக் கண்டியில் பிறந்தவர். பம்பாயில் ஜே.ஜே. கலைப்பள்ளியில் கட்டடக்கலை படித்துக்கொண்டிருந்தபோது, காந்தி கைதானதை எதிர்த்த கூட்டத்துக்குப் போனார் என்று வெளியேற்றப்பட்டார். மன்னிப்புக் கேட்டிருந்தால் விட்டிருப்பார்கள், கேட்கவில்லை. பெங்களூரில் ஒட்டோ கோனிக்ஸ்பேர்கர் என்ற ஜெர்மன் கட்டடக்கலைஞரிடம் வேலை. பிறகு லண்டன். 1948இல் பிரித்தானிய அரச கட்டடக்கலைஞர் கழகத்தில் உறுப்பினரான முதல் ஆசியப் பெண். உலகப் புகழ்பெற்ற கட்டடக்கலைஞர் லெ கோர்பூசியேயின் நண்பர். அவரைப் பற்றி எழுதுபவர்கள் எல்லோரும் இந்த நட்பையும் அவர் கட்டிய பட்டுச் சேலையையும் விட்டு நகர மாட்டார்கள், நான் நகர்ந்துவிடுகிறேன். சுதந்திரம் கிடைத்த கையோடு ஊருக்குத் திரும்பி, தகப்பனின் வீட்டிலேயே தொழில் தொடங்கினார். கண்டியில் அவர் கட்டிய கருணாரத்ன வீடு 1951இல் முடிந்துவிட்டது.

அந்த ஆண்டைக் கொஞ்சம் கவனியுங்கள். உங்கள் அலுவலகத்தில் இன்னொருவர் என்னிடம், "பாவா கட்டியது என்றால் ஏதாவது யோசிக்கலாம்" என்றார். நாடறிந்த கட்டடக்கலைஞர் ஜெஃப்ரி பாவா மேல் எனக்கு மரியாதை உண்டு. காசு கொடுத்து டிக்கெட் எடுத்து அவருடைய லுணுகங்கைத் தோட்டத்தைப் பார்த்துவிட்டு வந்தவன் நான். ஆனால் பாவா கட்டடக்கலைஞராகத் தகுதி பெற்றதே 1957இல். உள்முற்றம், ஊர்க் கைவினை, வெளியையும் வீட்டையும் பிரிக்காத வாசல் என்று இன்று நாம் புகழ்வதையெல்லாம் அதற்கு முன்பே ஒரு பெண் இந்த மலையில் கட்டிப் பார்த்துவிட்டார். கண்டிப் பக்கத்துக் கைவினையான தும்பறைப் பாயின் நெசவைக் கதவுப் பலகைக்குள் கொண்டுவந்தார். ஓவியர் ஜோர்ஜ் கீற்றை அழைத்து வீட்டுச் சுவரில் ஓவியம் தீட்டவைத்தார். கொங்கிறீட்டும் கண்ணாடியும் ஒரு பக்கம், சுட்ட மண்ணும் அரக்குவேலையும் மறுபக்கம். இந்தச் சேர்க்கைக்கு வெப்பமண்டலத்தின் நவீன பிராந்தியக் கட்டடக்கலை என்று அவரே பெயரும் வைத்தார்.

கருணாரத்ன வீட்டில் எனக்குப் பெரிதாகப் படுவது வேறு. அந்தக் காணி செங்குத்தான சரிவு. மலையை வெட்டிச் சமன்செய்யாமல், சரிவுக்கு ஏற்றபடி தளங்களை மேலும் கீழுமாக வைத்து வீட்டை இறக்கியிருக்கிறார். இப்போது நம் ஊரில் என்ன நடக்கிறது? பெக்கோவை ஏற்றி மலையை நேராக வெட்டுகிறோம், முன்னால் ஒரு மதில் எழுப்புகிறோம், ஐப்பசி மழைக்கு மதில் சரிந்து கீழ்வீட்டுச் சமையலறைக்குள் போகிறது. பிறகு உங்கள் அலுவலகத்திலிருந்தே ஆள் வந்து படம் எடுத்துக்கொண்டு போகிறார். ஒரு சரிவில் எப்படிக் கட்டுவது என்பதற்கான பாடம் உங்கள் அலுமாரியிலேயே இருந்திருக்கலாம் ஐயா. அந்த அலுமாரியின் சாவிதான் லீவில் போயிருந்தது.

வட்டபுளுவவுக்கு வருகிறேன். 1950களின் நடுவில் தொடங்கி 1958இல் முடிந்த திட்டம், சுமார் 250 வீடுகள். அரசாங்க உத்தியோகத்தர்களுக்கு வீடு என்றால் ஒரே அச்சில் வார்த்துப் பெட்டி பெட்டியாக அடுக்கிவிட்டுப் போவதுதான் வழக்கம், அன்றும் இன்றும். அவர் முதலில் கேள்வித்தாள் ஒன்றைத் தயாரித்து, குடிவரப்போகிறவர்களிடம் கொடுத்தார். எங்கள் அப்பப்பா புகையிரதப் பகுதியில் கிளார்க். வல்வெட்டித்துறையிலிருந்து வந்த மனிதர், பெரிய துரைமார் கேள்வி கேட்டுப் பழகியவர். வீட்டில் எத்தனை பேர் படுப்பீர்கள், விறகு அடுப்பா, சாமி எந்தப் பக்கம் இருக்க வேண்டும் என்று தன்னைக் கேட்டார்கள் என்பதைச் சாகும்வரை சொல்லிக்கொண்டிருந்தார். "எங்களிட்ட கேட்டுக் கட்டின வீடு" என்பார். எங்கள் சாமி அறைக்குக் காலை வெயில் விழும். அது தானாக விழவில்லை.

சிங்களவர், தமிழர், முஸ்லிம்கள் எல்லோரும் கலந்துதான் குடிவந்தார்கள். 83 ஜூலைக் கலவரத்தில் எங்கள் வீட்டு உறுதிப் பத்திரமும் பிளானும் ஒரு பிஸ்கட் டின்னில் மதிலுக்கு மேலாகப் பக்கத்து வீட்டுக்குப் போயின. அந்த வீட்டு அம்மா இரண்டு வருஷம் தன் அலுமாரியில் சேலைகளுக்குக் கீழே வைத்திருந்து திருப்பித் தந்தார். உறுதி பத்திரமாக இருந்தது. பிளானின் மடிப்பெல்லாம் கறையான் தின்றுவிட்டது. அதை அந்த அம்மா சொல்லிச் சொல்லி வருத்தப்படுவார், ஏதோ தானே தின்றதுபோல. நான் உங்களிடம் வரைபடம் கேட்டு வந்ததற்குக் காரணம் இதுதான், கடிதத்தில் எழுதவில்லை. போன மாதம் இடிந்தது அந்த அம்மாவின் வீடு.

இன்னொரு கணக்கும் இருக்கிறது. என் அம்மாவின் அம்மா புசல்லாவைப் பக்கம் தோட்டத்தில் கொழுந்து பறித்தவர். மினெட்டின் தாயார் அக்னஸ் டி சில்வா, பெண்களுக்கு வாக்குரிமை கேட்டு 1927இல் தொடங்கிய சங்கத்தின் ஆட்களோடு அரசியலமைப்பைத் திருத்த பிரித்தானியர் அனுப்பிய டொனமூர் ஆணைக்குழுவின் முன் போனவர். தோட்டத்தில் வேலை செய்யும் இந்தியத் தமிழ்ப் பெண்களுக்கும் வேண்டுமா என்று அங்கே கேட்டபோது, நிச்சயமாக, அவர்களும் பெண்கள்தானே என்று சொன்னவர். 1948, 49 குடியுரிமை, வாக்குரிமைச் சட்டங்கள் தோட்டத்து மக்களை என்ன செய்தன என்பது வேறு கதை. ஆனால் அந்த வீட்டுக்காரர்களை "எந்த சில்வா" என்று கேட்டால் எனக்குக் கொஞ்சம் சுடும்.

தகப்பன் ஜோர்ஜ் ஈ. டி சில்வாவின் பெயரில் நகரில் பூங்கா இருக்கிறது. பஸ்ஸுக்கு நிற்கும் சனம் அதில் இருந்து கச்சான் கொறிக்கிறது. மகளின் பெயரில் ஒரு பலகையை நான் இதுவரை கண்டதில்லை. தலதா மாளிகைக்குக் கிட்ட, வாவிக் கரையில் இருக்கும் கலைச்சங்க மண்டபம் அவர் 1980களில் வரைந்தது. அங்கே நடக்கும் கண்டிய நடனத்துக்கு வெளிநாட்டவர் பஸ் பஸ்ஸாக வந்து இறங்குகிறார்கள். அழைத்துவரும் வழிகாட்டிகள் மூன்று பேரிடம் கட்டியது யார் என்று கேட்டுப் பார்த்தேன். ஒருவர் பாவா என்றார். ஒருவர் வெள்ளைக்காரன் என்றார். மூன்றாமவர் பழைய அரசன் ஒருவனின் பெயரைச் சொன்னார், அதுவும் தயங்காமல்.

1988இலிருந்து நாம் உலகப் பாரம்பரிய நகரம். பலகை பலகையாக எழுதி வைத்திருக்கிறோம். வங்கிக்குக் கண்டியக் கூரை, செருப்புக் கடைக்குக் கண்டியக் கூரை, பணம் எடுக்கும் இயந்திரம் நிற்கும் கூண்டுக்கும் கண்டியக் கூரை. கொங்கிறீட்டில் வார்த்து ஓட்டு நிறம் பூசிவிட்டால் பாரம்பரியம் ஆகிவிடுகிறது. பாரம்பரியத்தை இப்படி முகமூடியாகப் போடாமல் வீட்டுக்குள் குடியிருத்தலாம் என்று ஆயுள் முழுக்கப் பாடுபட்டவரின் கட்டடத்துக்கு மட்டும் பெக்கோ. நியூயோர்க் நவீனக் கலை அருங்காட்சியகம் 2022இல் தெற்காசியக் கட்டடக்கலைக்குக் கண்காட்சி வைத்தபோது அவரையும் வைத்தது. அங்கே போய் எங்கள் ஜன்னல் அளவைக் கேட்டுப் பார்க்கட்டுமா? விசா அலுவலகத்தில் எந்த சில்வா என்று கேட்க மாட்டார்கள் என்று நினைக்கிறேன்.

மன்னிக்க வேண்டும். மரியாதையாக எழுதவேண்டும் என்று வீட்டில் சொல்லித்தான் அனுப்பினார்கள்.

அவர் உயிரோடு இருந்தபோதும் ஊர் பெரிதாக ஒன்றும் செய்துவிடவில்லை. ஹொங்கொங்கில் சில வருஷம் படிப்பித்துவிட்டுத் திரும்பி வந்தார். வந்தபோது தொழில் கைவிட்டுப் போயிருந்தது. இலங்கைக் கட்டடக்கலைஞர்களின் தங்கப் பதக்கம் 1996இல் வந்தது, அப்போது அவருக்கு 78 வயது. இரண்டு வருஷத்தில், கையில் காசில்லாமல், இதே கண்டியில் இறந்துபோனார். வாவிக்கு மேலே அவர் வாழ்ந்த சென் ஜோர்ஜஸ் வீடு பிறகு கூரை விழுந்து காடு ஏறிக் கிடந்தது. தன் வேலையைப் பற்றித் தானே வரைபடம், படம், கடிதம் எல்லாம் சேர்த்து ஒரு பெரிய புத்தகத்தைத் தொகுத்து வைத்துவிட்டுத்தான் போனார். நம் அலுவலகங்களை அவருக்கு நன்றாகத் தெரிந்திருக்கிறது.

சரி, கேட்க வந்ததைக் கேட்டு முடிக்கிறேன். எஞ்சியிருக்கும் அவருடைய கட்டடங்கள் எவை என்று ஒரு பட்டியல் போடுங்கள். ஒன்றை இடிக்க யாராவது விண்ணப்பித்தால், அனுமதிக்கு முன் அளந்து, வரைந்து, படம் எடுங்கள். ஒரு நாள் வேலை. கட்டடக்கலை படிக்கும் மாணவர் இரண்டு பேரை அனுப்பினால் போதும், தேநீரும் பகல் சாப்பாடும் எங்கள் தெருவில் கிடைக்கும். வரைந்ததை யார் வந்து கேட்டாலும் பார்க்கிற இடத்தில் வையுங்கள். பூட்டி வைப்பதானால் சாவியை இரண்டு பேரிடம் கொடுங்கள்.

எங்கள் வீட்டு வரைபடத்தையும் தயவுசெய்து இன்னொருமுறை தேடிப் பாருங்கள். வட்டபுளுவ என்று இல்லாவிட்டால் வீட்டுக் கடன், அரசாங்க உத்தியோகத்தர் என்று வேறு தலைப்பில் கட்டி வைத்திருப்பார்கள். அந்தக் காலத்துக் கிளார்க்குமார் எதையும் வீசமாட்டார்கள், எங்கள் அப்பப்பாவை வைத்துச் சொல்கிறேன். தச்சு பாஸ் தை பிறந்ததும் வருவதாகச் சொல்லியிருக்கிறார். அதற்குள் கிடைக்காவிட்டால், உளுத்த ஜன்னலையே கழற்றி வாங்கில் வைத்து நானும் அவரும் அளப்போம். அளந்ததில் ஒரு பிரதியை உங்களுக்கும் அனுப்பிவைக்கிறேன், கோப்பில் போட்டுக்கொள்ளுங்கள்.

திங்கட்கிழமை காலை மறுபடியும் வருவேன். போட்டோக்கொப்பிக்கான காசு கையில் இருக்கும்.

இங்ஙனம்,
வட்டபுளுவவிலிருந்து,
சோலைவரியைப் பிந்தாமல் கட்டிவரும் ஒருவன்