பரணில் மிஞ்சிய ஒன்பது முண்டுகள்

அன்புள்ள எல்லோருக்கும்,

வீட்டுச் சுவரில் தண்ணீர் நின்ற கோடு என் தோள் உயரத்துக்கு இன்னும் அப்படியே இருக்கிறது. சேறு வாரி முடியவில்லை, கிணறு இறைத்தாகவில்லை. ஆனாலும் நன்றி சொல்வதைத் தள்ளிப்போடக் கூடாது என்று, கடன் வாங்கிய நாற்காலியில் உட்கார்ந்து இதை எழுதுகிறேன். இந்த ஆகஸ்ட் வெள்ளத்தில் இங்கே, கேரளத்துச் சேந்தமங்கலத்தில், என்ன நடந்தது என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. நீங்களும் அதற்குள்தான் இருந்தீர்கள், இல்லையென்றால் இரவெல்லாம் போனைப் பிடித்துக்கொண்டு விழித்திருந்தீர்கள்.

நாங்கள் பத்திரமாக இருக்கிறோம் என்று தெரிந்ததும் பலரும் கேட்ட அடுத்த கேள்வி, "தாள்கள் என்ன ஆச்சு?" என்பதுதான். முதலில் அதற்குப் பதில்: யூதக் கல்லறைகளின் எழுத்தை நான் தாளில் மை ஒற்றிப் படியெடுத்து வைத்திருந்த 64 மைப்படிகளில் 47 பிழைத்துவிட்டன. எப்படிப் பிழைத்தன என்பதைச் சொல்லத்தான் இந்த மடல்.

பக்கத்து வீட்டுச் சேச்சி நெசவாளி. சேந்தமங்கலம் கைத்தறி என்றால் கேரளத்தில் தெரியாதவர்கள் இல்லை. ஓணத்துக்கு உடுத்தும் செட்டு முண்டு இங்கிருந்துதான் ஊரெல்லாம் போகும். ஆறு வருடமாகப் பக்கத்து வீட்டில் இருந்தும் அவரோடு நான் பேசியதெல்லாம் "சுகமா?", "மழை வருமா?" அவ்வளவுதான். நான் தென்காசிக்காரி, கணக்கு டீச்சர், ஞாயிற்றுக்கிழமை ஆனால் யூதர்களின் கல்லறைகளுக்குத் தாளும் மையும் தூக்கிக்கொண்டு போகிறவள். என்னைப் பற்றி அவர் என்ன நினைத்திருப்பாரோ தெரியாது. கேட்டதுமில்லை.

முகாமிலிருந்து திரும்பிய அன்று கட்டிலடியில் இருந்த தகரப் பெட்டியை முற்றத்துக்கு இழுத்து வந்து திறந்தேன். ஐந்து வருட வேலை ஒரே கட்டியாக, ஊறிப்போன பொரி உருண்டை மாதிரி உட்கார்ந்திருந்தது. மைப்படி எடுத்தவர்களுக்குத் தெரியும்: ஈரத் தாளைக் கல்லில் விரித்து, பிரஷ்ஷால் தட்டித் தட்டி எழுத்துப் பள்ளத்துக்குள் இறக்கி, பாதி காய்ந்ததும் மை ஒற்றி எடுப்பது. கரியும் கோந்தும் கலந்த மை, தண்ணீரில் நின்றால் இளகும். நான் பதற்றத்தில் மேல் தாளின் ஒரு முனையை நகத்தால் கிளப்பினேன். தாள் கிழிந்து என் விரலோடு வந்துவிட்டது.

"நனஞ்ஞது பிரிக்கண்ட, டீச்சரே!"

நனைந்ததைப் பிரிக்க வேண்டாம் என்று வேலிக்கு அப்பாலிருந்து சேச்சி. தன் குழித்தறியில் நிறைந்திருந்த சேற்றை வாளியால் மொண்டு கொட்டிக்கொண்டிருந்தவர், அப்படியே போட்டுவிட்டு வந்தார். குனிந்து பார்த்தார். தொடவில்லை. கஞ்சி போட்ட பாவு ஒட்டிக்கொண்டால் இழுக்கவே கூடாது, இழுத்தால் நூல் போகும், ஈரத்தைத் துணி மெல்ல உறிஞ்ச வேண்டும், அது தானாகவே விட்டுக்கொடுக்கும், வெயில் பட்டால் முறுக்கிக்கொள்ளும் என்று மலையாளத்தில் சொல்லிக்கொண்டே போனார். அப்புறம் வீட்டுக்குள் போய் ஒரு கட்டுத் துணியோடு வந்தார்.

புத்தம் புது முண்டுகள். கசவு என்கிற சரிகைக் கரை போட்டவை, மடிப்புக் கலையாதவை, ஒன்பது. அவற்றை அவர் என் முற்றத்துத் திண்ணையில் ஒன்றன்மேல் ஒன்றாக விரித்தார். கட்டியைப் பெட்டியோடு சாய்த்து முண்டின் மேல் இறக்கினார். மேலே இன்னொன்று, அதன்மேல் ஒரு பலகை. அரை மணி நேரம் கழித்து ஈரமான துணியை எடுத்துவிட்டுக் காய்ந்ததை வைத்தார். இப்படியே இருட்டும்வரை. மின்சாரம் இல்லை, விசிறி இல்லை. மறுநாள் காலையில் முதல் தாள் விளிம்பில் தானாகக் கிளம்பியது. சேச்சி ஊடை நூலைப் பிடிக்கிற மாதிரி இரண்டு விரலால் அதைப் பிடித்து, மூச்சை அடக்கிக்கொண்டு, ஒரு சாண் ஒரு சாணாக உரித்தார். ஐந்து நாள். அவருடைய தறிக்குழியில் சேறு அப்படியே கிடந்தது.

ஐந்தாம் நாள்தான் இன்னொரு நெசவாளி வீட்டம்மா சொல்லி எனக்குத் தெரிந்தது. ஓணத்துக்கென்று சேச்சி நெய்து வைத்திருந்த சரக்கு முழுவதும் சேற்றில் போய்விட்டது. பரண்மேல் இருந்ததால் தப்பியது அந்த ஒன்பது மட்டுமே. விற்றிருந்தால் அந்த வாரத்துக்கு அரிசி. மை பட்ட முண்டை யார் வாங்குவார்கள்? நான் பணத்தோடு போய் நின்றபோது அவர் கையைப் பின்னால் கட்டிக்கொண்டார். அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

கொச்சி மட்டாஞ்சேரியில் பரதேசி யூதப் பள்ளியில், அதாவது யூதர்களின் ஜெப ஆலயத்தில், இருக்கும் செப்பேடு பற்றி உங்களில் சிலருக்கு முன்பே எழுதியிருக்கிறேன். பாஸ்கர ரவி என்ற சேர அரசன் சுமார் ஆயிரம் வருடத்துக்கு முன்பு யோசேப்பு ரப்பான் என்ற யூதத் தலைவருக்குக் கொடுத்தது. வட்டெழுத்து. வாசித்துக் காட்டினால் தமிழ்க் காதுக்குப் பாதிக்கு மேல் புரியும்: அஞ்சுவண்ணம் என்ற வணிகக் குழு, பகல்விளக்கு, பாவாடை, அந்தோளகம் என்ற பல்லக்கு, குடை என்று அவருக்குக் கொடுத்த உரிமைகளின் பட்டியல் போகும். அதில் வரும் பாவாடை, பெரிய மனிதர்கள் நடந்துபோக வழியில் விரிக்கும் துணி. முதல்முறை படித்தபோது சரி, அரசாங்க மரியாதை என்று கடந்து போய்விட்டேன். இப்போது அந்தச் சொல்லைப் பார்த்தால் என் திண்ணைதான் கண்ணில் வருகிறது.

இந்தத் தாள்களுக்காக ஏன் இவ்வளவு தவிப்பு, கல் அங்கேயேதானே இருக்கிறது என்று முகாமில் ஒருவர் கேட்டார். நியாயமான கேள்விதான். ஆனால் கல்லும் எல்லாக் காலத்துக்கும் இருப்பதில்லை. இந்த ஊர் மழை வருடத்துக்கு ஒரு பூச்சு உரித்துக்கொண்டு போகிறது. முதல் வருடம் நான் படியெடுத்த இரண்டு கல்லறைகளில் இன்று எழுத்தே இல்லை. அந்த இருவரின் பெயரும் தாளில் மட்டும்தான் இருந்தது. இரண்டு தாளும் பிழைத்த 47-க்குள் இருக்கின்றன, சேச்சி.

நம் ஊரில் பெயருக்கு முன்னால் அப்பாவின் எழுத்தைப் போடுகிறோம். எபிரேயக் கல்லறைகளில் 'பென்' என்றால் இன்னாரின் மகன், 'பத்' என்றால் இன்னாரின் மகள். எழுத்துகளே எண்களாகவும் நிற்கும், நம் க, உ போலத்தான். ஆண்டைக் கூட்டிப் பார்த்துத் தெரிந்துகொள்ளலாம். ஒரு பெயர், ஒரு தகப்பன், ஓர் ஆண்டு. இவ்வளவு கிடைத்தால் போதும், எங்கோ இருக்கும் ஒரு குடும்பம் தன் பாட்டியைக் கண்டுபிடித்துவிடும். 1950-களில் இங்கிருந்து கிட்டத்தட்ட எல்லோரும் இஸ்ரேலுக்குக் கிளம்பினார்கள். மாளா என்ற ஊரின் யூதர்கள் 1955-ல் போகும்போது தங்கள் பள்ளியையும் கல்லறைத் தோட்டத்தையும் ஊர்ப் பஞ்சாயத்தை நம்பி ஒப்படைத்துவிட்டுப் போனார்கள். கல்லறையைக் கப்பலில் ஏற்ற முடியாதே.

இங்கே யூதப் பள்ளியின் முன்னால் நிற்கும் கல்லை எல்லோரும் பார்த்திருப்பீர்கள். இஸ்ரயேலின் மகள் சாரா, 1269. மதுரையில் மாறவர்மன் குலசேகர பாண்டியன் பட்டத்துக்கு வந்த மறுவருடம். இந்தியாவில் கிடைத்த எபிரேயக் கல்வெட்டுகளில் இதுதான் மிகப் பழையது என்கிறார்கள். நான் இந்த வேலைக்கு வந்ததே அந்தக் கல்லின் முன்னால்தான். கொச்சி யூதர்கள் குடியேறிய இஸ்ரேல் ஊரான நெவாத்திமிலிருந்து வந்திருந்த ஒரு பாட்டி அதன் பக்கத்தில் நின்று என்னிடம் சுத்தமான மலையாளத்தில், "என் அம்மம்மாவின் கல் மேலே குன்றில் எங்கேயோ இருக்கிறது, கண் தெரியவில்லை, கொஞ்சம் வருகிறாயா மோளே?" என்றார். குடை பிடித்துக்கொண்டு கூடவே போனேன். எனக்கு அப்போது எபிரேயத்தில் ஓர் எழுத்துக்கூடத் தெரியாது. கல் கிடைக்கவில்லை. கொண்டு வந்திருந்த கூழாங்கல்லை எந்தக் கல்லறைமேல் வைப்பது என்று தெரியாமல், கடைசியில் பெயர் அழிந்த ஒன்றின்மேல் வைத்துவிட்டு இறங்கினார்.

மற்றவர்களையும் சொல்ல வேண்டும். எங்கள் தெருவுக்குள் படகைக் கொண்டுவந்த கடலோரத்து மீனவச் சகோதரர்களே, பெட்டியும் வேண்டும் என்று நான் அழுதபோது "முதலில் ஏறுங்க அம்மா" என்று அதட்டியதற்கு நன்றி. அதட்டியது சரிதான். முகாமில் என் மாமியாரை மூன்று நாள் தாங்கிய பள்ளிப் பிள்ளைகள், தண்ணீர் வடிந்ததும் பாம்பு இருக்கிறதா என்று தடியோடு வீட்டுக்குள் முதலில் போன தெருக்கோடி இளைஞர்கள், பள்ளிவாசலிலிருந்து வந்த கஞ்சி, தேவாலயத்திலிருந்து வந்த பாய்கள், தென்காசியிலிருந்து லாரியில் வந்த மருந்தும் பிளீச்சிங் பவுடரும், இஸ்ரேலிலிருந்து நள்ளிரவில் "குன்றுக்குப் போய்விட்டீர்களா?" என்று மலையாளத்தில் வந்த குரல் செய்திகள். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாக எழுத ஆசை. வீடு ஒழுங்கானதும் எழுதுவேன்.

போன 17 தாள்களை விடமாட்டேன். துலா மழை ஓய்ந்து கல் காய்ந்ததும், மார்கழியில் மறுபடி குன்றேறுவேன். இனி எந்தப் படியும் ஒரே பெட்டியில், ஒரே வீட்டில் இருக்காது. எடுக்கிற அன்றே படம் பிடித்து நான்கு இடத்துக்கு அனுப்பிவிடுவேன். சேச்சியின் தறி ஓட ஆரம்பித்ததும் முதல் செட்டு எனக்குத்தான் என்று முன்பணம் கொடுத்திருக்கிறேன். அதற்குக் கையை நீட்டினார்.

சேச்சியின் அம்மா யூத வீடுகளுக்கு முண்டு கொண்டுபோய்க் கொடுத்தவராம். வெள்ளிக்கிழமை பொழுது சாய்வதற்குள் போய்விட வேண்டும், அப்புறம் ஓய்வுநாள், அவர்கள் காசைத் தொடமாட்டார்கள் என்று அம்மா ஓட்டமாக ஓடுவார் என்றார். ஐந்தாம் நாள் மாலை, தாளை உரித்துக்கொண்டே சொன்னது இது.

அன்றைக்குத்தான் அந்த முண்டுகளை அவர் துவைத்துக் கொடியில் போட்டார். கரி போகவில்லை. தாளில் இருந்த எழுத்துகள் வெள்ளைத் துணியில் இடம் வலமாகப் புரண்டு, சாம்பல் நிறத்துக்கு நடுவே வெள்ளையாகப் பதிந்திருந்தன. ஒன்றில் கசவுக் கரைக்குப் பக்கத்தில் இரண்டே எழுத்து, தெளிவாக. அதைக் காட்டி என்னவென்று கேட்டார்.

"பத். மகள்."

"ஆருடெ மகள்?"

துணியில் அதற்கப்புறம் கலங்கிப் போயிருந்தது. உள்ளே போய்த் தாளைப் பார்த்துவிட்டு வந்து தகப்பன் பெயரைச் சொன்னேன். சேச்சி அதை இரண்டு தடவை திருப்பிச் சொல்லிப் பார்த்தார். பிறகு அந்த முண்டை மட்டும் கொடியிலிருந்து எடுத்து, ஈரத்தோடு உதறி, நிழலில் தனியாக விரித்தார்.