லாரியில் வந்தவர் எங்கே உட்கார்ந்திருந்தார்?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். நெடுஞ்சாலை விபத்துகள் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். வேகம், தூக்கமில்லாத ஓட்டுநர், ஓரத்தில் விளக்கில்லாமல் நிற்கும் டிரெய்லர் என்று பலவற்றையும் தொட்டிருந்தார் கட்டுரையாளர். லாரியில் டிரைவரைத் தவிர வேறு ஆட்களும் வருவார்கள் என்பது மட்டும் அதில் இல்லை. கிளீனர், லோடுமேன், சரக்குக்குச் சொந்தக்காரர், கரும்பு வெட்டப் போகும் குடும்பம், வழியில் கையைக் காட்டி ஏறியவர் என்று எத்தனையோ பேர். இதில் கட்டுரையாளரைக் குறை சொல்ல முடியாது. போலீஸ் புள்ளிவிவரத்தில் லாரியில் இருந்தவர்கள் என்று ஒரு வரி உண்டு, ஆனால் அவர்களுக்கு என்ன முறிந்தது, எத்தனை நாள் படுத்திருந்தார்கள் என்பது அதில் வராது. அதெல்லாம் ஆஸ்பத்திரிக் காகிதத்தில் இருக்கிறது. அந்தக் காகிதத்தில் லாரி இல்லை.

நான் திருச்சியில் மெடிக்கல் கோடராக இருக்கிறேன். அமெரிக்க ஆஸ்பத்திரிகளின் அவசர சிகிச்சைப் பிரிவிலிருந்து வரும் சார்ட்டுகளை, அதாவது நோயாளிகளின் சிகிச்சைக் குறிப்புகளைப் படித்து ஐ.சி.டி.-10 குறியீடு போடுவது வேலை. நோய்களுக்கும் காயங்களுக்கும் உலகம் முழுக்கப் பயன்படும் குறியீட்டுப் பட்டியல் அது. சென்னை, கோவை, திருச்சி என்று இதில் ஆயிரக்கணக்கானவர்கள் இருக்கிறோம். நர்சிங், பார்மசி, பயோடெக் என்று ஏதேதோ படித்துவிட்டு இங்கே வந்து சேர்ந்தவர்கள்.

காயத்துக்கு ஒரு குறியீடு. அது எப்படி வந்தது என்பதற்கு இன்னொன்று. தொடை எலும்பு நடுவில் முறிந்திருந்தால் எஸ்72.3. வண்டி விபத்தில் முறிந்தது என்றால் கூடவே வி வரிசையில் ஒன்று வரவேண்டும். வி60 முதல் வி69 வரை கனரக சரக்கு வண்டிக்குள் இருந்தவர்களுக்கு. அந்த இரண்டாவது இலக்கம் வண்டி எதன் மேல் மோதியது என்பதைச் சொல்லும். நடந்து போனவர் அல்லது விலங்கு என்றால் 0, டூவீலரோ ஆட்டோவோ என்றால் 2, கார், வேன் என்றால் 3, இன்னொரு லாரி அல்லது பஸ் என்றால் 4, மரம், பாலச்சுவர் மாதிரி நிலையாக இருப்பது என்றால் 7, எதிலும் மோதாமல் தானாகக் கவிழ்ந்தால் 8. புள்ளிக்குப் பிறகு வருவது ஆள். சாலையில் நடந்த விபத்தில் டிரைவர் 5, பயணி 6, வண்டிக்கு வெளியே தொற்றிக்கொண்டிருந்தவர் 7. ஏறும்போதோ இறங்கும்போதோ அடிபட்டால் 4. ஆக, லாரியும் லாரியும் மோதி உள்ளே இருந்த கிளீனருக்கு அடி என்றால் வி64.6. அமெரிக்கப் பதிப்பில் இது ஏழு இடம் வரை நீளும். முதல் சிகிச்சையா, தொடர் சிகிச்சையா, பின்விளைவா என்பதைக் கடைசி எழுத்து சொல்லும்.

எது கனரக வண்டி என்பதற்கும் வரையறை இருக்கிறது. எடை வழக்கமாக 3,500 கிலோவுக்கு மேல், ஓட்டத் தனி லைசென்ஸ் வேண்டும். அதனால் நம் ஊர்க் குட்டி யானை இதில் சேராது, வி50 வரிசைக்குப் போய்விடும். ஷேர் ஆட்டோ வி30, பஸ் வி70.

புதிதாக வேலைக்கு வருபவர்கள் வழுக்கி விழும் இடம் ஒன்று உண்டு. லாரியின் பின்பக்கம் மூட்டை மேல் உட்கார்ந்து வந்தவர் உள்ளே இருந்தவரா, வெளியே இருந்தவரா? திறந்த இடம்தானே, வெளியே என்று 7 போட்டுவிடுவார்கள். தப்பு. ஓட்டுநருக்கோ பயணிக்கோ உரிய இடத்திலும் இல்லாமல், சரக்கு வைக்கும் இடத்திலும் இல்லாமல் பயணம் செய்தவர்தான் 'வெளியே இருந்தவர்'. கேபின் கூரை மேல் இருந்தவர், பம்பரில் நின்றவர், பஸ் படிக்கட்டில் தொங்கியவர் இவர்களுக்குத்தான் 7. சரக்குத் தட்டில் இருந்தவர் பயணி, 6. இதன் விளைவைப் பாருங்கள். கேபினில் பெல்ட் போட்டு உட்கார்ந்தவருக்கும் பின்னால் சிமெண்ட் மூட்டை மேல் குந்தியிருந்தவருக்கும் ஒரே வி64.6. வண்டி கவிழ்ந்தால் இரண்டு பேருக்கும் நேர்வது ஒன்றா? அமெரிக்காவில் சாலையில் லாரித் தட்டில் ஆள் ஏற்றுவது அரிது என்பதால் அங்கே இது பெரிதாகத் தெரியாது. இங்கே குறியீட்டோடு நிற்காமல் ஒரு வரி எழுதியும் வைக்க வேண்டும் என்று நான் சொல்வது இதனால்தான்.

அமெரிக்காவைத் தூக்கிப் பிடிக்க இதை எழுதவில்லை. அங்கேயும் இந்தக் காரணக் குறியீடு நாடு முழுவதும் கட்டாயமில்லை. மாநிலமோ காப்பீட்டு நிறுவனமோ கேட்டால்தான் கட்டாயம். வாத்து வந்து மோதியதற்கெல்லாம் குறியீடு வைத்திருக்கிறார்கள் (நிஜம்தான், டபிள்யூ61.62), அதை வைத்து எங்கள் ஆபீசில் ஓட்டாத கிண்டல் இல்லை. ஆனாலும் ஏதோ ஒரு மாநிலத்தில் லாரியில் அடிபட்டவர் டிரைவரா, பயணியா, வெளியே தொற்றிக்கொண்டிருந்தவரா, வண்டி எதில் மோதியது என்பதைத் திருச்சியில் உட்கார்ந்து நான் சொல்லிவிட முடிகிறது. எங்கள் தெருவில் இருக்கும் லோடுமேனுக்கு அப்படிச் சொல்ல முடியவில்லை.

அவர் அரிசி மூட்டை ஏற்றிய லாரியில் பின்னால் வந்தவர். வண்டி கவிழ்ந்து கால் முறிந்தது. டிஸ்சார்ஜ் சம்மரியை விளக்கிச் சொல்லச் சொல்லி அவர் மனைவி கொண்டுவந்து காட்டினார். எலும்பு எங்கே முறிந்தது, என்ன கம்பி வைத்தார்கள், எந்த மருந்து எத்தனை நாள் என்று எல்லாம் சுத்தமாக இருந்தது. விபத்துக்கு மட்டும் மூன்றே எழுத்து, ஆர்.டி.ஏ. சாலை விபத்தாம். எந்த வண்டி, அதில் இவர் யார், எதுவும் இல்லை. அந்தக் காகிதத்தை என் மேஜைக்கு அனுப்பினால் நான் வி89.2-தான் போட முடியும். வகை தெரியாத மோட்டார் வாகன விபத்து என்று பொருள். தலைக்கவசம் போடாமல் மொபெட்டில் போனவரும் இவரும் ஒரே கணக்கில்.

இது புள்ளிவிவரக்காரர்களின் கவலை மட்டும் இல்லை. சரக்கு வண்டியில் வந்தவருக்கு இழப்பீடு உண்டா இல்லையா என்பது, அவர் அதில் யாராக வந்தார் என்பதைப் பொறுத்தது. மோட்டார் வாகனச் சட்டத்தில் 1994-ல் வந்த திருத்தத்துக்குப் பிறகு, சரக்கின் உரிமையாளரோ அவர் அனுப்பிய ஆளோ கூட வந்தால் வண்டியின் காப்பீடு அவர்களுக்கும் பொருந்தும். வண்டி உரிமையாளரிடம் வேலை செய்பவருக்கும் வழி இருக்கிறது. இலவசமாக ஏறி வந்தவருக்குக் காப்பீட்டு நிறுவனம் பொறுப்பில்லை என்று உச்ச நீதிமன்றம் எப்போதோ சொல்லிவிட்டது. அதனால் தீர்ப்பாயத்தில் எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் தேடுவது, விபத்து நடந்த அன்றே எழுதிய காகிதத்தைத்தான். ஏ.ஆர். காப்பி என்று நாம் சொல்லும் விபத்துப் பதிவேட்டு நகலில் "லோடுமேனாக வந்தவர்" என்று ஒரு சொல் இருப்பதற்கும் இல்லாததற்கும் நடுவே ஒரு குடும்பத்தின் பல வருடச் சாப்பாடு கிடக்கிறது.

சரி, இரவு பன்னிரண்டு மணிக்கு நான்கு பேர் ரத்தத்தோடு வந்து இறங்கும்போது டியூட்டி டாக்டர் குறியீட்டுப் புத்தகத்தைப் புரட்டிக்கொண்டிருப்பாரா என்று கேட்பீர்கள். கூடாது. அவர் உயிரைப் பார்க்கட்டும். ஆனால் பெரும்பாலும் ஆளைக் கொண்டுவருவது 108. வண்டி எப்படிக் கிடந்தது, இவர் எங்கே விழுந்து கிடந்தார் என்பதைக் கண்ணால் பார்த்தவர் அந்த ஆம்புலன்சில் வரும் உதவியாளர். அவருக்குத் தெரிந்தது கேஷுவாலிட்டி மேஜையைத் தாண்டி உள்ளே போவதில்லை, அவ்வளவுதான். இன்னொரு சிக்கலும் இருக்கிறது. சரக்கு வண்டியில் ஆள் ஏற்றியது தப்பு என்று தெரிந்ததால் வண்டிக்காரர் தரப்பு வாயைத் திறக்காது. சமயத்தில் அடிபட்டவரின் சொந்தக்காரர்களையும் பேசாமலிருக்கச் சொல்லிவிடுவார்கள். பார்த்தவரிடம் அப்போதே கேட்டு எழுதிவைக்க இதைவிட வேறு காரணம் வேண்டாம்.

2021 டிசம்பரில் தொடங்கிய 'இன்னுயிர் காப்போம் – நம்மைக் காக்கும் 48' திட்டத்தில் எந்த ஊர்க்காரர் என்று பார்க்காமல் முதல் 48 மணி நேரச் சிகிச்சை இலவசம். அதை நான் மனதாரப் பாராட்டுகிறேன். ஆனால் அங்கேயும் பணம் போவது செய்த சிகிச்சைக்கு. விபத்தின் விவரம் குறைந்தால் யாருக்கும் பில் நிற்காது. நிற்காததை யாரும் கேட்பதும் இல்லை. காவல், போக்குவரத்து, நெடுஞ்சாலை, சுகாதாரம் என நான்கு துறைகளும் விபத்தைப் பதிய, சென்னை ஐ.ஐ.டி. உருவாக்கித் தந்த ஒருங்கிணைந்த தரவுத்தளம் நாடு முழுக்க நடைமுறைக்கு வந்திருக்கிறது. போலீஸ் எழுதும் லாரியும் ஆஸ்பத்திரி எழுதும் எலும்பும் அங்கே ஒன்றாகச் சேர வேண்டும். ஆஸ்பத்திரிப் பக்கம் ஆர்.டி.ஏ. என்று மட்டும் இருந்தால் எதை எதோடு சேர்ப்பது?

புதிய மென்பொருள், புதிய பணியிடம் எதுவும் நான் கேட்கவில்லை. விபத்துப் பதிவேட்டில் மூன்று கட்டங்கள் அச்சடித்தால் போதும். எந்த வண்டியில் இருந்தார். அந்த வண்டியில் எங்கே, யாராக இருந்தார் (டிரைவர், கேபின், சரக்குத் தட்டு, கூரை, படிக்கட்டு). வண்டி எதில் மோதியது. 108 உதவியாளரைக் கேட்டு நர்ஸ் நிரப்பிவிடலாம். குறியீட்டை மறுநாள் மருத்துவப் பதிவுப் பிரிவில் சாவகாசமாகப் போட்டுக்கொள்ளலாம், அந்த வேலை தெரிந்தவர்கள் அங்கே இருக்கிறார்கள். அப்படிச் சில மாவட்டங்களில் ஒரு வருடம் செய்தாலே, சரக்குத் தட்டில் வருபவர்களுக்கு எந்த மாதிரி முறிவுகள் வருகின்றன, எந்தச் சாலையில், எந்த அறுவடைக் காலத்தில் என்பதெல்லாம் தெரிந்துவிடும்.

உங்கள் நிருபர்களுக்கும் ஒரு கோரிக்கை. 'லாரி கவிழ்ந்து மூவர் காயம்' என்ற செய்தியில், அந்த மூவரும் எங்கே இருந்தார்கள், என்ன வேலைக்காக அந்த வண்டியில் ஏறினார்கள் என்பதையும் கேட்டு எழுதச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
மெடிக்கல் கோடராக இருக்கும் வாசகி,
திருச்சி.